வயிற்றுறுப்புகளுக்கான கை சிகிச்சை: மகளைப் படிக்க அனுப்பலாமா?

பி.பி.டி. (பிசியோதெரபி இளநிலைப் பட்டம்) இறுதியாண்டு படிக்கும் மகள், எம்.பி.டி. (முதுநிலைப் பட்டம்) வேண்டாம், வயிற்றுறுப்புகளைக் கையால் தொட்டுச் சரிசெய்யும் ‘விசரல் மேனிபுலேஷன்’ பயிற்சிக்கு நேராகப் போகிறேன் என்று நிற்கிறாள். பணம் கட்டலாமா, இது வைத்தியமா வெறும் மசாஜா, இதை வைத்துப் பிழைக்க முடியுமா என்று ஒரு தாய் கேட்டிருக்கிறார்.

கற்றுக்கொள்ளட்டும் அம்மா. ஆனால் இப்போது வேண்டாம், எம்.பி.டி.க்குப் பதிலாக ஒருபோதும் வேண்டாம். இது ஒரு பிசியோதெரபிஸ்ட் தன் கைத்திறனோடு சேர்த்துக்கொள்ளும் ஒரு முறை. தனித் தொழில் அல்ல, தனிப் பட்டமும் அல்ல. இந்த வித்தியாசம் புரியாமல் சேர்பவர்கள்தான், சான்றிதழை வைத்துக்கொண்டு வேலை தேடும்போது திண்டாடுகிறார்கள்.

முதலில் விஷயம் என்னவென்று பார்ப்போம். நம் வயிற்றுறுப்புகள் எதுவும் ஒரே இடத்தில் அசையாமல் இருப்பதில்லை. மூச்சை இழுக்கும்போது உதரவிதானம் இறங்குகிறது. கல்லீரலும் மண்ணீரலும் சிறுநீரகங்களும் கூடவே இறங்குகின்றன. ஆழ்ந்து மூச்சிழுத்தால் சிறுநீரகம் ஏறக்குறைய 3 செ.மீ. நகரும். சுமார் 6 மீட்டர் நீளமுள்ள சிறுகுடல், அதன் தொடக்கப் பகுதியைத் தவிர, குடல்தாங்கி என்ற சவ்வில் தொங்குகிறது; பின்வயிற்றுச் சுவரில் அந்தச் சவ்வு பிடித்திருக்கும் வேரின் நீளம் 15 செ.மீ. அளவே. அந்த வேர் இரண்டாவது இடுப்பு முள்ளெலும்பின் இடப்பக்கம் தொடங்கி, சாய்வாக இறங்கி, வலது சாக்ரோஇலியாக் மூட்டுக்கு (முதுகெலும்பின் அடிப்பகுதி இடுப்பெலும்போடு சேரும் இடம்) முன்னால் முடிகிறது. அறுவை சிகிச்சையோ கிருமித்தொற்றோ வந்துபோன வயிற்றில், வழுக்கிக்கொண்டிருக்க வேண்டிய சவ்வுகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வது உண்டு. இதுவரை சொன்னது உடற்கூறு. இதில் யாருக்கும் மாற்றுக்கருத்து இல்லை.

பிரான்சின் கிரெனோபிள் நகரில் நுரையீரல் நோய் மருத்துவமனையில் பணியாற்றிய ழான்-பியேர் பரால் என்ற ஆஸ்டியோபதி (உடலைக் கையால் தொட்டுச் சரிசெய்யும் வைத்திய முறை) நிபுணர், 1970களிலிருந்து இந்த உடற்கூற்றின்மேல் ஒரு சிகிச்சை முறையை எழுப்பினார். மூச்சோடும் உடல் அசைவோடும் உறுப்பு நகர்வது ஒன்று. அதைத் தவிர ஒவ்வோர் உறுப்புக்கும் தனக்கென்று மெல்லிய உள்ளசைவு இருக்கிறது, அதைப் பயின்ற கை உணரும் என்பது அவருடைய வாதம். அசைவு குறைந்த இடத்தைக் கையால் ‘கேட்டு’, மிக லேசான அழுத்தத்தில் இழுத்தும் தளர்த்தியும் சரிசெய்வதுதான் சிகிச்சை.

இதில் முதல் பாதி உறுதியானது, இரண்டாம் பாதி உறுதியாகவில்லை. 2018இல் பிரெஞ்சு ஆய்வாளர்கள் அதுவரை வந்த ஆய்வுகளைத் திரட்டிப் பார்த்தார்கள். ஒரே நோயாளியை இரண்டு பயிற்சியாளர்கள் தொட்டுப் பார்த்தால் ஒரே முடிவுக்கு வருகிறார்கள் என்பதற்கும், சிகிச்சை பலிக்கிறது என்பதற்கும் நம்பத்தகுந்த சான்று கிடைக்கவில்லை என்று எழுதினார்கள். 2015இல் வெளியான ஆஸ்திரேலிய ஆய்வு ஒன்றில் இடுப்புவலிக்காரர்கள் 64 பேருக்கு வழக்கமான பிசியோதெரபி தரப்பட்டது. கூடவே பாதிப்பேருக்கு இந்தச் சிகிச்சையும் மீதிப்பேருக்கு அதைப் போன்ற போலிச் சிகிச்சையும் தரப்பட்டன. ஆறு வாரத்தில் வலியில் வித்தியாசம் இல்லை; ஓராண்டு முடிவில் மட்டும் முதல் குழுவுக்கு வலி சற்றுக் குறைவாக இருந்தது. சின்ன ஆய்வு. மேலும் தேடத் தூண்டும், அவ்வளவுதான். குழந்தையின்மை, சர்க்கரை, பித்தப்பைக்கல் எல்லாம் தீரும் என்று யாராவது உங்கள் மகளிடம் சொன்னால், அந்த இடத்தில் படிக்க வேண்டாம்.

அதற்காக வயிற்றில் கை வைப்பதே வீண் என்று நினைத்துவிடாதீர்கள். பிசியோதெரபியில் அன்றாடம் பயன்படும் இரண்டு வேலைகள் இதற்கு மிக அருகில் இருக்கின்றன. உங்கள் மகள் முதலில் கைதேர வேண்டியது இவற்றில்தான்.

ஒன்று, மலச்சிக்கலுக்கான பெருங்குடல் மசாஜ். சாப்பிட்டு இரண்டு மணி நேரமாவது ஆகியிருக்க வேண்டும்; சிறுநீர் கழித்துவிட்டு வரச் சொல்ல வேண்டும். மல்லாந்து படுக்கவைத்து முழங்காலுக்கடியில் தலையணை வைத்தால்தான் வயிற்றுத் தசை தளரும். முதலில் இடப்பக்கம், விலா முடியும் இடத்திலிருந்து இடுப்பெலும்பு வரை மேலிருந்து கீழே பத்துத் தடவை. அடுத்து வலது விலாவடியிலிருந்து குறுக்கே இடப்பக்கம் போய்க் கீழே இறங்கப் பத்துத் தடவை. கடைசியாக வலது அடிவயிற்றில் தொடங்கி மேலே ஏறி, குறுக்கே கடந்து, இடப்பக்கம் இறங்கும் முழுச் சுற்று பத்துத் தடவை. இடப்பக்கத்தை முதலில் செய்வதற்குக் காரணம் இருக்கிறது: வெளியேறும் வழியில் இடம் இல்லாமல் பின்னாலிருந்து தள்ளினால் நோயாளிக்கு முறுக்கும், உப்பும். எல்லாம் சேர்த்துப் பத்துப் பதினைந்து நிமிடம்.

மாணவர்கள் இதில் தவறுவது பெரும்பாலும் மூன்று விதத்தில். விரல் நுனியால் குத்துகிறார்கள், உள்ளங்கையும் விரல்களின் தட்டையான பகுதியும்தான் வேலை செய்ய வேண்டும். சில்லென்ற கையை வைக்கிறார்கள். வேகமாகப் போகிறார்கள். மூன்றுக்கும் விளைவு ஒன்றே: வயிறு பலகையாக இறுகிவிடும், அதற்குப்பின் எவ்வளவு அழுத்தினாலும் கை தோலுக்கும் தசைக்கும் அப்பால் போகாது. இறுகினால் கையை எடுக்காமல் அழுத்தத்தை மட்டும் விட்டு, நோயாளி இரண்டு மூன்று முறை மூச்சை வெளியே விடும்வரை காத்திருந்து, அந்த வெளிமூச்சோடு மறுபடி இறங்க வேண்டும். சொல்லும்போது எளிது, கைக்கு வர மாதக்கணக்கில் ஆகும்.

இன்னொன்று, சிசேரியன் தழும்பு. புண் முழுக்க ஆறி, மகப்பேறு மருத்துவர் சரி சொன்ன பிறகு, பொதுவாக ஆறு முதல் எட்டு வாரம் கழித்துத் தொடங்குவது. எண்ணெய் இல்லாமல், தழும்புக்குச் சற்று மேலே இரண்டு விரலை வைத்து, தோலின்மேல் விரல் வழுக்காமல் தோலையே மேலே, கீழே, இடம், வலம் நகர்த்திப் பார்க்க வேண்டும். எந்தத் திசையில் தடுக்கிறதோ அங்கே வலிக்காத எல்லையில் நிறுத்தி அரை நிமிடம் பிடித்தால் போதும். மொத்தம் ஐந்து நிமிடம். சிவக்கச் சிவக்கத் தேய்ப்பவர்கள் ஆறிய தழும்பைத் திரும்பவும் புண்ணாக்குகிறார்கள். நீர் கசிந்தாலோ, புதிதாகச் சூடும் வீக்கமும் தெரிந்தாலோ கையே வைக்கக் கூடாது.

பி.பி.டி., உள்ளுறைப் பயிற்சி (இன்டர்ன்ஷிப்), பதிவு எல்லாம் முடியும்வரை பொறுக்கச் சொல்வதற்குக் காரணம் ஆபத்து. வயிற்றுவலியோடு வருபவரைத் தொடுவதற்கு முன், இவர் நம்மிடம் வர வேண்டியவர்தானா என்று தெரிய வேண்டும். பித்தப்பையின் வலி வலது தோளில் தெரியும். குடல்வால் அழற்சி தொப்புளைச் சுற்றித் தொடங்கி, பிறகுதான் வலது அடிவயிற்றுக்கு இறங்கும். தொப்புளுக்கு மேலே துடிப்பு தெரிவது ஒல்லியானவர்களிடம் இயல்பு; ஆனால் அந்தத் துடிப்பு இருபக்கமும் விரிந்து விரலை விலக்கினால் பெருந்தமனி வீக்கமாக இருக்கலாம், அழுத்தினால் உயிருக்கே ஆபத்து. காய்ச்சல், வாந்தி, மலத்தில் இரத்தம், காரணமில்லாத எடைக்குறைவு, தூக்கத்திலிருந்து எழுப்பும் வலி, புற்றுநோய், சமீபத்திய அறுவை சிகிச்சை, இரத்தம் உறையாமலிருக்க மாத்திரை, காலில் இரத்தக்கட்டு, கருப்பையில் காப்பர்-டி, கர்ப்பம்: இவற்றில் எது இருந்தாலும் மருத்துவரைக் கேட்காமல் வயிற்றில் கை வைக்கக் கூடாது. விசரல் பயிற்சியின் நான்கு நாள் வகுப்பில் இதைப் பட்டியலாகத் தருவார்கள். ஆனால் அறுவை சிகிச்சை வார்டில் நின்று பார்த்தவளுக்குத்தான் அந்தப் பட்டியல் ஆட்களாகத் தெரியும்.

நம் ஊர்களில் குடலேற்றம் என்று குழந்தையின் வயிற்றை எண்ணெய் விட்டு நீவிவிடும் வழக்கம் இருப்பதால் இதையும் சொல்ல வேண்டும். இந்தப் படிப்பு படித்தவள் என்று தெரிந்ததும் அக்கம்பக்கத்தில் கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். அந்தக் குழந்தைக்கு இருப்பது, குடலின் ஒரு பகுதி இன்னொரு பகுதிக்குள் செருகிக்கொள்ளும் நோயாக இருக்கலாம்; அது குறிப்பாக ஒரு வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கு வருவது. குழந்தை விட்டுவிட்டு வீறிட்டு அழும், காலை மடக்கும், வாந்தி எடுக்கும், சளியோடு சிவந்த மலம் போகும். அங்கே நீவிவிடும் ஒவ்வொரு மணி நேரமும் குடல் அழுகப் போகும் நேரம். உடனே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓட வைப்பதுதான் அவள் செய்யக்கூடிய ஒரே சிகிச்சை.

இனி வேலை, அங்கீகாரம். பிரான்சில் ஆஸ்டியோபதி என்ற பட்டப்பெயருக்கு 2002இல் சட்ட அங்கீகாரம் வந்தது. இன்று அதற்கு ஐந்தாண்டுப் படிப்பு, மொத்தம் 4,860 மணி நேரம். பிரிட்டனில் 1993ஆம் ஆண்டுச் சட்டப்படி, அதற்கான கவுன்சிலில் பதிவு செய்யாதவர் தன்னை ஆஸ்டியோபத் என்று சொல்லிக்கொள்வதே குற்றம். அமெரிக்காவிலோ டி.ஓ. (ஆஸ்டியோபதி மருத்துவப் பட்டம்) பெற்றவர் அறுவை சிகிச்சை வரை செய்யும் முழு மருத்துவர். ஆக, சில நாள் பயிற்சியை முடித்துவிட்டு ‘வெளிநாட்டில் ஆஸ்டியோபத் ஆகலாம்’ என்பது நடக்காத காரியம். வளைகுடாவுக்குப் போனாலும் பிசியோதெரபிஸ்ட் உரிமம் பட்டத்தையும் அனுபவத்தையும் வைத்துத்தான் கிடைக்கும். இந்தியாவில் பிசியோதெரபி 2021ஆம் ஆண்டின் துணைமருத்துவ, சுகாதாரத் தொழில்களுக்கான தேசிய ஆணையச் சட்டத்துக்குள் வருகிறது. மாநிலப் பதிவுதான் அவளுடைய தொழில் அடையாளம். பலகையில் ‘பிசியோதெரபிஸ்ட்’ என்று இருக்கட்டும். வயிற்றுச் சிகிச்சையை, தான் செய்யும் பல முறைகளில் ஒன்றாக வைத்துக்கொள்ளலாம்.

இந்தப் பெயரில் வேலை விளம்பரம் வருவது அபூர்வம். மருத்துவமனைகள் தேடுவது எலும்பு-மூட்டு, நரம்பு, இதய-நுரையீரல், மகளிர் நலப் பிரிவு ஆட்களை. உங்கள் மகளுக்கு வயிறு, இடுப்புக்குழி, தழும்பு இவற்றில்தான் மனம் போகிறது என்றால் அவள் போக வேண்டிய பாதை மகளிர் நலம். பிரசவத்துக்குப் பின் சிறுநீர் கட்டுப்படாமல் போவது, நடுவயிற்றுத் தசை பிரிந்து நிற்பது, இடுப்புத்தள (இடுப்புக்குழியின் அடியில் உள்ள தசைகளின்) வலி ஆகியவற்றை வாய்விட்டுச் சொல்லாமல் வருடக்கணக்கில் பொறுத்துக்கொண்டிருக்கும் பெண்கள் ஊர்தோறும் இருக்கிறார்கள். பார்க்கும் பிசியோதெரபிஸ்டுகள்தான் குறைவு. இடுப்புத்தளப் பயிற்சிக்கு ஆய்வுச் சான்றும் உறுதியாக இருக்கிறது. எம்.பி.டி. இரண்டாண்டில் மகப்பேறு-மகளிர் நலம் எடுக்க வாய்ப்புள்ள கல்லூரியைப் பாருங்கள். விசரல் பயிற்சியின் முதல் நிலையை அதற்குப் பிறகு சேர்த்தால், கற்றதை யாரிடம் பயன்படுத்துவது என்று தேட வேண்டியிருக்காது.

‘பொம்பளைப் பிள்ளை, கண்டவர் வயிற்றையும் தொடுவதா’ என்று உறவில் பேசுவார்கள் என்ற உங்கள் தயக்கமும் புரிகிறது. இதற்கு ஒழுங்குமுறை உண்டு. என்ன செய்யப் போகிறோம், எங்கே தொடுவோம் என்று முதலில் சொல்லி ஒப்புதல் வாங்குவது, அந்த இடத்தை மட்டும் திறந்து மீதியைப் போர்த்துவது, அறையில் உதவியாளரோ நோயாளியின் வீட்டாரோ இருப்பது, ‘போதும்’ என்றதும் கையை எடுப்பது. இதைப் பழகியவளிடம் நோயாளிக்கும் கூச்சம் போய்விடும்.

பயிற்சி பல நிலைகளாக, ஒவ்வொன்றும் மூன்று நான்கு நாளாக நடக்கும். ஆகவே முதல் கட்டணத்தை மட்டும் பார்க்காமல், எத்தனை நிலை, ஒவ்வொன்றுக்கும் என்ன செலவு, பயணமும் தங்கலும் எவ்வளவு என்று முழுக் கணக்கையும் எழுதி வாங்குங்கள். கற்றுத் தருபவரின் அடிப்படைப் பட்டம் என்ன, ஓர் ஆசிரியருக்கு எத்தனை மாணவர், எப்போது தொடக் கூடாது என்பதற்கு எவ்வளவு நேரம் ஒதுக்குகிறார்கள், 2018 ஆய்வைப் பற்றி என்ன சொல்கிறார்கள் என்று மகளே கேட்கட்டும். கடைசிக் கேள்விக்குக் கோபப்படாமல் பதில் சொல்பவரிடம் படிக்கலாம்.

இப்போதைக்கு, உள்ளுறைப் பயிற்சியில் மகப்பேறு வார்டும் வயிற்று அறுவை சிகிச்சை வார்டும் கிடைக்குமாறு துறைத் தலைவரிடம் எழுதிக் கொடுக்கச் சொல்லுங்கள். விடுதியில் இரண்டு தோழிகளோடு ஒரு பயிற்சியும் செய்து பார்க்கலாம்: ஒருத்தி படுக்க, மற்ற இருவரும் தனித்தனியே அவள் வயிற்றைத் தொட்டு, எந்தப் பக்கம் இறுக்கம் என்று ஒருவருக்கொருவர் காட்டாமல் எழுதி வைப்பது, ஒரு மாதம் கழித்து இரண்டு தாள்களையும் ஒப்பிடுவது. பணம் கட்டுவதைப் பற்றி அதற்குப் பிறகு வீட்டில் உட்கார்ந்து பேசுங்கள்.