ஓடினால் முட்டி தேயுமா?

கேள்வி: வயது 43. மூன்று வாரமாகக் கோவை ரேஸ்கோர்ஸில் தினமும் இரண்டு சுற்று ஓடுகிறேன். முட்டியில் சடக் சடக்கென்று சத்தம், கெண்டைக்காலில் இறுக்கம். இடது கால் முன்னெலும்பில் ஓர் இடத்தில் வலிப்பதால் வலி மாத்திரை போட்டுக்கொண்டு ஓடுகிறேன். வீடியோ பார்த்து 20 நிமிடம் ஸ்ட்ரெச்சிங் செய்தும் பலனில்லை. முட்டி தேய்ந்துவிடுமோ என்று பயமாக இருக்கிறது.

மருத்துவர் பதில்: தேயாது. உடற்பயிற்சிக்காக ஓடுபவர்களில் 3.5 சதவீதம் பேருக்கும், ஓடாமல் உட்கார்ந்தே இருப்பவர்களில் 10.2 சதவீதம் பேருக்கும் இடுப்பு, முழங்கால் மூட்டுத் தேய்மானம் இருந்ததாக 2017இல் வெளியான ஓர் ஆய்வுத் தொகுப்பு சொல்கிறது. வலியும் வீக்கமும் இல்லாத சடக் சத்தம், விரலில் நெட்டி முறிப்பது மாதிரிதான். விட்டுத்தள்ளுங்கள்.

போகிற போக்கில் ஒரு வரியில் எழுதியிருக்கிறீர்களே, அந்த இடது கால் வலிதான் என் கவலை. முன்னெலும்பின் உள்விளிம்பில் கட்டைவிரலை வைத்து மேலிருந்து கீழே அழுத்திக்கொண்டே வாருங்கள். ஒரு சாண் நீளத்துக்குப் பரவலாக வலித்தால், புதிதாக ஓடுபவர்களுக்கு வழக்கமாக வருவதுதான். ஓட்டத்தைக் குறைத்தால் ஆறிவிடும். ஒரே இடத்தில், விரல்நுனி பட்டதும் 'அம்மா' என்று துள்ள வைத்தாலோ, சும்மா நடக்கும்போதும் ராத்திரி படுத்திருக்கும்போதும் வலித்தாலோ, எலும்பில் மயிரிழை விரிசல் இருக்கலாம். அன்றோடு ஓட்டத்தை நிறுத்திவிட்டு எலும்பு மருத்துவரைப் பாருங்கள். முதல் இரண்டு மூன்று வாரம் எக்ஸ்ரேயில் இது தெரியாமலே போகலாம், எம்ஆர்ஐயில் தெரிந்துவிடும். 'எக்ஸ்ரே நார்மல்' என்று மறுநாளே ஓடப் போய், நொண்டிக்கொண்டு திரும்பி வருபவர்கள் உண்டு.

சரி, அந்த மாத்திரையை யார் எழுதிக் கொடுத்தது? நிறுத்து என்று கால் கத்துகிறது, நீங்கள் அதன் வாயைப் பொத்திவிட்டு ஓடுகிறீர்கள். வியர்த்து நீர் வற்றிய உடம்பில் அது சிறுநீரகத்தையும் பதம் பார்க்கும்.

அப்புறம் அந்த வீடியோ. ஆறிக்கிடக்கும் தசையை 20 நிமிடம் இழுத்துப் பிடிப்பதால் ஒன்றும் ஆகப்போவதில்லை. ஷூ கயிறு கட்டியதும் ஐந்து நிமிடம் வேகமாக நடங்கள். பிறகு மரத்தைப் பிடித்துக்கொண்டு காலை முன்னும் பின்னும் பத்துப் பத்து முறை வீசி, குதிகாலைப் பதினைந்து முறை உயர்த்தி இறக்குங்கள். முதல் சில நிமிடம், பேசிக்கொண்டே போகிற வேகத்தில் ஓடினால் போதும். இழுத்துப் பிடிப்பதெல்லாம் ஓடி முடித்த பிறகு: சுவரில் கை ஊன்றி, குதிகால் தரையை விட்டு எழாமல், காலுக்கு 30 விநாடி. குலுக்கக் கூடாது. கெண்டைக்கால் இறுக்கத்துக்கு இது போதும்.

தினமும் ஓடுவதால் வரும் பாதிப்பை எந்த வார்ம்-அப்பும் ஈடுகட்டாது. புதிதாக ஓடுகிறவருக்கு ஒருநாள் விட்டு ஒருநாள், அதுவும் ஒரு நிமிடம் ஓட்டம், இரண்டு நிமிடம் நடை. கால் எலும்பில் விரிசல் இல்லை என்று உறுதியான பிறகு அப்படித் தொடங்குங்கள். மருத்துவரிடம் போகும்போது ஓடுகிற ஷூவையும் அந்த மாத்திரை அட்டையையும் எடுத்துப்போங்கள்.