ஆண்ட்வெர்ப் 1954 ஸ்கோர் ஷீட்: நம்பி வாங்கலாமா?

கேள்வி: பழைய ஸ்போர்ட்ஸ் டிக்கெட், ஸ்கோர் ஷீட்லாம் சேர்க்கிறேன். ஆன்லைன்ல ஒருத்தர் பென்சில்ல எழுதின பேஸ்பால் ஷீட் விக்கிறார். 1954ல பெல்ஜியத்துல இருக்கிற ஆண்ட்வெர்ப்ல நடந்த முதல் ஐரோப்பிய சாம்பியன்ஷிப், ஹாலந்து - பெல்ஜியம் மேட்ச்சாம். தேதி கிடையாது. 6-4-3, திருப்பி போட்ட இங்கிலீஷ் கே எழுத்து, கடைசி கட்டத்துல எக்ஸ்னு என்னென்னமோ இருக்கு, தலையும் புரியல காலும் புரியல. 18,000 ரூபாய் சொல்றார், குடுக்கலாமா?

பதில்: அந்த விலைக்கு வேண்டாங்க. பேப்பர் பழசாவே இருக்கலாம், ஆனா சொல்ற கதை ஒட்டல, ஏன்னா 1954ல ஹாலந்து அந்த போட்டியிலயே இல்ல. 1953ல பாரிஸ்ல ஐரோப்பிய பேஸ்பால் சங்கம் ஆரம்பிச்சப்போ இருந்தது பெல்ஜியம், பிரான்ஸ், ஜெர்மனி, இத்தாலி, ஸ்பெயின்னு அஞ்சு நாடுதான், அடுத்த வருஷம் ஆண்ட்வெர்ப்ல முதல் கப் இத்தாலிக்கு போச்சு, ஸ்பெயின் ரெண்டாவது, 1955 பார்சிலோனால ஸ்பெயினே ஜெயிச்சுது. ஹாலந்து உள்ள வந்ததே 1956 ரோம்லதான், வந்த வேகத்துல கப்பையும் தூக்கிட்டு போயிட்டாங்க, அதுக்கப்புறம் 1957 மான்ஹைம், 1958 ஆம்ஸ்டர்டாம், 1960 பார்சிலோனானு வரிசையா அவங்க ராஜ்ஜியம்தான்.

சரி, ஆண்ட்வெர்ப்ல மறுபடி 1967ல நடந்துச்சே, அதுவா இருக்குமோனு கேப்பீங்க. அதுவும் இல்ல. அந்த வருஷம் ஹாலந்தும் இத்தாலியும் வரவே இல்ல, அதனாலதான் பெல்ஜியத்துக்கு அந்த ஒரே ஒரு கப் கிடைச்சுதுனு நான் சொல்லுவேன் (பெல்ஜியம்காரங்க சண்டைக்கு வருவாங்க). ஆக ஆண்ட்வெர்ப், ஹாலந்து ரெண்டும் ஒரே ஷீட்ல இருந்தா அது அந்த காலத்து சாம்பியன்ஷிப்பா இருக்க வாய்ப்பில்ல. பெரும்பாலும் சும்மா ஃப்ரெண்ட்லி மேட்ச்சா இருக்கும், இந்த ரெண்டு பக்கத்து நாடும் 1930கள்ல இருந்தே அப்படி ஆடிக்கிட்டு இருந்தவங்கதான்.

இப்போ அந்த கிறுக்கல். பேஸ்பால்ல ஃபீல்டிங் இடம் ஒவ்வொண்ணுக்கும் நம்பர் உண்டு, பிட்சர் (பந்து எறியறவர்) 1, கேட்சர் (பேட்ஸ்மேனுக்கு பின்னாடி பிடிக்கிறவர்) 2, முதல் பேஸ் (ஓடிப்போய் தொட வேண்டிய முதல் இடம்) 3, ரெண்டாவது பேஸ் 4, மூணாவது பேஸ் 5, ஷார்ட்ஸ்டாப் (ரெண்டாவது, மூணாவது பேஸுக்கு நடுவுல நிக்கிறவர்) 6, வெளி மைதானத்துல லெஃப்ட்ல இருந்து 7, 8, 9. இது ஜெர்ஸி நம்பர் இல்ல, குழப்பிக்காதீங்க. 6-4-3னா ஷார்ட்ஸ்டாப் பந்த பொறுக்கி ரெண்டாவது பேஸ்காரர்கிட்ட எறிய, முதல் பேஸ்ல இருந்து அங்க ஓடி வந்தவன் அவுட், அவர் அப்படியே முதல் பேஸுக்கு எறிய பேட்ஸ்மேனும் அவுட், ஒரே கல்லுல ரெண்டு மாங்கா. ஸ்டிரைக்னா பேட்ஸ்மேன் கோட்டைவிட்ட பந்து, மூணு சேந்தா ஸ்டிரைக் அவுட். நேரான கே போட்டிருந்தா பேட்ட சுத்தி ஸ்டிரைக் அவுட், திருப்பி போட்டிருந்தா மூணாவது ஸ்டிரைக்க சுத்தாம வேடிக்கை பாத்துக்கிட்டே நின்னு அவுட்டானவன். ஒன்பதாவது இன்னிங்ஸ் கட்டத்துல எக்ஸ்னா ரெண்டாவதா பேட் பண்ற டீம் ஏற்கனவே லீட்ல இருக்கு, கடைசி தடவ பேட் பண்ண வேண்டியதே இல்லனு அர்த்தம்.

வலது ஓரத்துல மூணு மொத்தம் வரும், ரன், ஹிட் (அடிச்சு பேஸ் போய் சேந்தது), எரர் (ஃபீல்டிங் தப்பு). அதோட தலைப்பு எழுத்தயும் பாருங்க. ஸ்பெயின்காரங்க ரன்னுக்கு ஆர் போட மாட்டாங்க, அவங்க மொழில ரன்னுக்கு கர்ரேராங்கிறதால சி போடுவாங்க. ஆண்ட்வெர்ப் ஷீட்ல சி இருந்தா இன்னும் சந்தேகம்.

ஹாலந்து பக்கம் பிட்சர் பேர் உர்பானுஸ்னு இருக்கானு ஒரு ஃபோட்டோ கேளுங்க. ஹான் உர்பானுஸ் 1952ல நியூயார்க் ஜயன்ட்ஸ் டீமோட பயிற்சிக்கு அமெரிக்கா போயிட்டு வந்தவர், அந்த கால டச்சு பேஸ்பாலோட ஹீரோ. அவர் பேர் இருந்தா ஃப்ரெண்ட்லி ஷீட்டாவே இருந்தாலும் நான் வாங்குவேன், ஆனா நாலாயிரத்துக்கு மேல ஒரு பைசா தர மாட்டேன், அதுவும் ஷீட்டோட பின்பக்கத்து ஃபோட்டோவும் வந்த அப்புறம்தான்.