குடும்பத் தலைவரின் சம்மதம் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

1930களின் ஜப்பானிய மௌனப் படங்கள் சிலவற்றைப் பார்த்தேன். காதலர்கள் தொட்டுக்கொள்வதே அபூர்வம். தணிக்கைக்குப் பயந்தா? காதலைவிடப் பணத்தைப் பற்றித்தான் அதிகம் பேசுவதாகவும் தோன்றியது. மேற்கொண்டு எதைப் பார்ப்பது, எப்படிப் பார்ப்பது?

கே.

அன்புள்ள கே.,

தணிக்கையும் ஒரு காரணம். 1925இல் உள்துறை அமைச்சகம் நாடு முழுமைக்கும் ஒரே தணிக்கை விதியைக் கொண்டுவந்தது. முத்தக்காட்சிகளுக்குக் கத்தரி விழுந்தது. ஹாலிவுட் படங்களும் தப்பவில்லை.

ஆனால் அந்தக் காதல்களின் கழுத்தைப் பிடித்தது கல்யாணச் சட்டம். 1898இன் குடிமைச் சட்டப்படி ஆணுக்கு 30, பெண்ணுக்கு 25 வயது ஆகும்வரை பெற்றோர் சம்மதம் வேண்டியிருந்தது. அந்த வயதைத் தாண்டினாலும் குடும்பத் தலைவர் ஒப்ப வேண்டியிருந்தது. மீறினால் குடும்பப் பதிவேட்டிலிருந்தே பெயரை நீக்கிவிட அவருக்கு உரிமை இருந்தது. ஒப்புக்கொண்டு கல்யாணம் நடந்தாலும் விடிவில்லை என்பதை இயக்குநர் மிகியோ நருசேயின் கடைசி மௌனப் படமான ‘ககிரினாகி ஹோடோ’வில் (1934) பார்க்கலாம். டோக்கியோவின் கின்சா கடைவீதியில் ஒரு தேநீர்க் கடையில் வேலை செய்த பெண் பணக்கார வீட்டுக்கு மருமகளாகப் போகிறாள். மாமியாரும் நாத்தனாரும் அவளை நிம்மதியாக இருக்கவிடவில்லை. கடைசியில், விபத்தில் அடிபட்ட கணவனின் மருத்துவமனைப் படுக்கையருகே நின்று, நீங்கள் நேசிப்பது இவரை அல்ல, குடும்பப் பெயரைத்தான் என்று மாமியாரின் முகத்துக்கு நேரே சொல்லிவிடுகிறாள். எனக்கு மிகப் பிடித்த இடம் அது.

பணத்தைப் பற்றி நீங்கள் கண்டது மிகச் சரி. இயக்குநர் கென்ஜி மிசோகுச்சியின் ‘தாகி நோ ஷிராயிதோ’ (1933) முழுக்கப் பணத்தின் மேல்தான் நிற்கிறது. தகாகோ இரியே, தன் சொந்த நிறுவனத்தின் தயாரிப்பிலேயே, நீர்வித்தைக்காரியாக நடித்தார். அவள் சம்பாத்தியத்தில் காதலன் டோக்கியோவில் சட்டம் படிக்கிறான். வித்தைக்குழு நொடிந்ததும் வட்டிக்காரனிடம் கடன் வாங்குகிறாள். அந்தப் பணம் வழியிலேயே கொள்ளைபோகிறது, ஏவிவிட்டவனும் அவனே. திரும்பிப் போனவள் கைகலப்பில் அவனைக் கொன்றுவிடுகிறாள். வழக்கில் அரசுத் தரப்பில் வந்து நிற்பவன், அவள் படிக்கவைத்த அதே காதலன். அவள் அனுப்பிய ஒவ்வொரு யென்னும் அவனை அவளுக்கு எட்டாத உயரத்துக்கு ஏற்றிக்கொண்டே இருந்திருக்கிறது.

தயவுசெய்து இதை முதல்முறை நிசப்தத்தில் பார்க்காதீர்கள். அன்று திரையரங்கில் திரைக்குப் பக்கத்தில் ‘பென்ஷி’ என்ற கதைசொல்லி இருப்பார். ஆண்குரல், பெண்குரல், வர்ணனை எல்லாம் அவரே. உடல் அடக்கிவைத்ததைக் குரல் சொல்லிவிடும். நடிகர்கள் அவ்வளவு அசைவின்றி நிற்க முடிந்ததில் பென்ஷிக்கும் பங்குண்டு என்றே நினைக்கிறேன். மிதோரி சவாதோ என்ற பென்ஷியின் குரலோடு இந்தப் படம் கிடைக்கிறது. அதைத் தேடிப் பிடியுங்கள். இரண்டாம் முறை ஒலியை நிறுத்திவிட்டு, பணம் யார் கையிலிருந்து யார் கைக்குப் போகிறது என்பதை மட்டும் கவனியுங்கள்.