பவலோட புக்கும் பிராட்லியோட டைரியும்

வணக்கம் சார்,

ஜான் வெஸ்லி பவல் 1869ல கொலராடோ ஆத்துல போட்ல போன கதைய, அவரே எழுதின புக்ல படிச்சேன். கீழ வைக்கவே முடியல. ஒத்தக் கைய வச்சுக்கிட்டு ஒரு மனுஷன் இப்படியெல்லாம் பண்ண முடியுமான்னு இருந்துச்சு. முடிச்சதும் நெட்ல தேடிப் பாத்தா, அதுல நெறைய விஷயத்த அவரு மாத்தி எழுதிட்டாரு, ரெண்டாவது பயணத்துல நடந்தத மொத பயணத்துல கொண்டு வந்து சேத்துட்டாருன்னு போட்டிருக்கு. சப்புன்னு ஆயிடுச்சு. இனிமே இந்த மாதிரி சாகசக்காரங்க வாழ்க்கைக் கதை, அமெரிக்க எல்லைப்புற வரலாறுன்னு வர்ற புக்ஸ எந்த நம்பிக்கையில படிக்கிறது? இன்னொண்ணும் உறுத்துது. அங்க ஏற்கனவே ஜனங்க இருந்தாங்கதானே, அவங்க ஊருக்குள்ள போயி 'கண்டுபிடிச்சோம்'னு சொல்றத நாம ரசிச்சுப் படிக்கலாமா? ஆறு பத்தின புக்ல நல்லது எது, சுமார் எதுன்னு எத வச்சு சொல்றீங்க?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

மாத்தித்தான் எழுதினாரு, அதுல சந்தேகமே இல்ல. அந்த புக் 1875ல அரசாங்க ரிப்போர்ட்டா வந்துச்சு. அன்னன்னைக்கு ராத்திரி நெருப்பு பக்கத்துல உக்காந்து எழுதின டைரி மாதிரி இருக்கும், ஆனா ஆத்துல போறப்ப அவரு நெஜமா எழுதி வச்ச குறிப்பு ரொம்ப சின்னது. மீதியெல்லாம் வருஷங்கழிச்சு ஞாபகத்துலருந்து எழுதினது. 1871-72ல ரெண்டாவது தடவ போனாரே, அந்த டீம்ல இருந்தவங்க பேரக்கூட அந்தக் கதையில போடல, ஆனா அப்ப பாத்தத, அளந்தத எல்லாம் 1869 கணக்குல எழுதிக்கிட்டாரு. பதினேழு வயசுல அந்த ரெண்டாவது டீம்ல சேந்த ஃபிரெடரிக் டெல்லன்பா பின்னாடி தானே உக்காந்து ஒரு புக் எழுதினாரு, நாங்களும் போனோம்யான்னு. போட் மேல நாற்காலிய கட்டி வச்சு அதுல பவல் ஜம்முனு உக்காந்து போனதா சொல்வாங்களே, அதுகூட ரெண்டாவது பயணத்து சமாச்சாரம்தான்.

பவலுக்கு கதை எழுதுற ஆசையே பெருசா கிடையாதுங்கறதுதான் இதுல வேடிக்கை. அவரு மனசுல இருந்தது பாறையும் மண் அடுக்கும்தான். சர்வேக்கு காசு கேட்டு அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் முன்னாடி போயி நின்னப்ப, பின்னாடி ஜனாதிபதி ஆன கார்ஃபீல்டு, பயணக் கதையையும் எழுதிக் குடுத்தே ஆகணும்னு பிடிவாதமா நின்னாரு. காசு குடுக்கறவங்களுக்காக எழுதின கதை வேற எப்படி இருக்கும்?

அதுக்காக புக்க தூக்கிப் போட்டுடாதீங்க. பக்கத்துல, மொத பயணத்துல கூடப் போன ஜார்ஜ் பிராட்லி டைரியையும் வச்சுக்கிட்டு படிங்க. ராணுவத்துல சார்ஜென்ட்டா இருந்த ஆளு, அங்கருந்து விடுதலை வாங்கித் தந்தா நரகத்து ஆத்துக்குக்கூட வர்றேன்னு சொல்லித்தான் பவல்கூட கிளம்பினாரு. டைரி எழுதறது கூட வந்தவங்க யாருக்கும் தெரியாது, ஒளிச்சு ஒளிச்சு எழுதியிருக்காரு. அது அச்சுல வந்ததே 1947லதான், அதுக்குள்ள பவல் செத்து 45 வருஷம் ஆயிடுச்சு.

ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சா என்ன ஆகும்னு ஒரு இடத்த மட்டும் சொல்றேன். ஆகஸ்ட் நடுவுல, லிட்டில் கொலராடோங்கற கிளை ஆறு வந்து சேர்ற இடத்துல நாள் கணக்கா தங்கிட்டாங்க. பவல் அங்க எழுதறது அபாரமா இருக்கும், இனி வரப்போறது யாருக்கும் தெரியாத பள்ளத்தாக்கு (கிராண்ட் கேன்யன்தான்), தூரம் தெரியாது, எங்க அருவி இருக்குன்னு தெரியாதுன்னு போவும், அதுக்கு நடுவுலயே சாப்பாட்டுக் கணக்கும் வரும். பூசணம் பிடிச்ச மாவ கொசுவலையில சலிச்சாங்களாம், கெட்டுப்போன பன்றிக் கறிய காயவச்சு எடுத்துக்கிட்டாங்களாம், சர்க்கரையெல்லாம் கரைஞ்சு நமக்கு முன்னாடியே ஆத்தோட போயிடுச்சுன்னு ஜோக் வேற. இப்ப பிராட்லிய பாருங்க. அதே இடம், அதே மாவு. ஆளுங்க கடுப்புல இருக்காங்க, கிளம்பணும்னு துடிக்கிறாங்க, மேஜர் (பவலத்தான் அப்படிச் சொல்வாங்க) மட்டும் நிம்மதியா இருக்காரு, புளிச்ச மாவுல சுட்ட பிஸ்கட்டும் நாலு காய்ஞ்ச ஆப்பிளும் இருந்தா நாள் பூரா உடம்பு நோக வேலை செய்றவனுக்கு போதும்னு நெனைக்கிறாரு போலன்னு வயிறெரிஞ்சு எழுதியிருக்காரு. பவல் பொய் சொல்லல. பிராட்லியும் சொல்லல. ஒருத்தரு பாறைய அளந்துக்கிட்டு இருந்தாரு, இன்னொருத்தரு துடுப்பு போட்டுக்கிட்டு இருந்தாரு, அவ்ளோதான் வித்தியாசம்.

அந்த ஜட்டி கதை உங்களுக்கு ஞாபகம் இருக்கும். செங்குத்துப் பாறையில பவல் மாட்டிக்கிட்டாரு, அமெரிக்க உள்நாட்டுப் போர்ல ஷைலோங்கற இடத்துல வலது கை போனவரு, இருக்கற கைய விட்டா கீழ, மேல நின்ன பிராட்லி போட்டிருந்த நீள உள்ளாடைய கழட்டித் தொங்க விட்டாரு, அத எட்டிப் பிடிச்சு பவல் மேல ஏறினாரு. பவல் இத ஜூன் 18ல நடந்ததா எழுதறாரு, இடமும் அதுக்கேத்த மாதிரி சினிமா செட்டு கணக்கா இருக்கும். பிராட்லி டைரியில இது ஜூலை 8ல, வேற இடத்துல வருது, கயித்துக்கு பதிலா உள்ளாடை நல்லாவே உதவுச்சு, மேஜர் பத்திரமா ஏறிட்டாருன்னு சாதாரணமா சொல்லிட்டு போயிட்டாரு. தேதி பொய், சம்பவம் நெஜம். எவனும் படிக்கப் போறதில்லன்னு நெனச்சு எழுதின டைரியில அது இருக்குங்கறதுதான் பவலுக்கு பெரிய சாட்சி.

ஒரு விஷயத்துல மட்டும் எனக்கு பவல் மேல கோபம் இன்னும் இருக்கு. ஆகஸ்ட் 28 அன்னிக்கு ஹவ்லண்ட் அண்ணன் தம்பி ரெண்டு பேரும் வில்லியம் டன்னும் இந்த ரேபிட்ஸ்ல (பாறைக்கு நடுவுல தண்ணி சீறிப் பாயற இடம்) எறங்க மாட்டோம்னு சொல்லிட்டு மேல ஏறிப் போயிட்டாங்க, அப்புறம் யாரும் அவங்கள உயிரோட பாக்கல. போனவங்க ஆத்துக்கு பயந்து போனவங்களாவே நம்ம மனசுல பதியறாங்க. அதுக்கு முந்தின வாரங்கள்ல பவல் மேல இருந்த கசப்பு எவ்ளோன்னு அவரு புக்ல தேடினா கெடைக்காது. மத்தவங்க ரெண்டே நாள்ல, ஆகஸ்ட் 30ல, வர்ஜின் ஆறு வந்து சேர்ற இடத்துல மீன் பிடிச்சுக்கிட்டு இருந்த மார்மன்ங்கற மதப் பிரிவு ஆளுங்க கண்ணுல பட்டுட்டாங்க. அந்த மூணு பேர கொன்னது யாருன்னு இன்னிக்கு வரைக்கும் தகராறுதான். அந்த ரேபிட்ஸும் ஹூவர் அணை கட்டினப்புறம் அதோட நீர்த்தேக்கமான லேக் மீட் தண்ணிக்குள்ள போயிடுச்சு.

ஆறு பத்தி நல்ல புக் எதுன்னு கேட்டீங்க. ரேபிட்ஸ்னா 'சீறும் அலை, கர்ஜிக்கும் வெள்ளம்'னு பக்கம் பக்கமா எழுதிட்டு அது ஏன் அங்க இருக்குன்னு ஒரு வரி சொல்லலன்னா நான் மூடி வச்சுடுவேன். கிராண்ட் கேன்யன்ல பெரும்பாலான ரேபிட்ஸ் பக்கத்துலருந்து ஒரு சின்ன பள்ளத்தாக்கு வந்து சேர்ற இடத்துலதான் இருக்கும். திடீர் மழையில அங்கருந்து பெரிய பெரிய பாறாங்கல்லெல்லாம் உருண்டு வந்து ஆத்த பாதி அடைச்சுடும், மேல தண்ணி குளம் மாதிரி தேங்கும், மீதி இருக்கற சந்துல பிச்சுக்கிட்டு போவும். இது புரிஞ்சாத்தான் பவல் ஆளுங்க பட்ட பாடு புரியும், ஏன்னா அவங்க அந்தக் காலத்து வழக்கப்படி ஆறு போற பக்கம் முதுகக் காட்டிக்கிட்டு துடுப்பு போட்டவங்க, வர்ற பாறை கண்ணுக்கே தெரியாது. முகத்த முன்னாடி திருப்பி உக்காந்து போற முறைய நதானியல் காலவேங்கிற வேட்டைக்காரர் 1890கள்லதான் பழக்கத்துக்கு கொண்டு வந்தாரு.

உங்க உறுத்தல் நியாயமானது. அத வச்சுக்கிட்டே படிங்க, புக்குகள் இன்னும் நல்லா திறக்கும். அமெரிக்க அரசாங்கம் அனுப்பி மேற்குக் கடல் வரைக்கும் போன லூயிஸ்-கிளார்க் டைரிகள எடுங்க. 1805 செப்டம்பர்ல பிட்டர்ரூட் மலையத் தாண்டி பட்டினியில செத்துப் பொழைச்சு எறங்கி வர்றாங்க. அந்த ஊர்ப் பூர்வகுடிகளான நெஸ் பெர்ஸ் ஜனங்க கிழங்கும் காய்ஞ்ச மீனும் குடுக்கறாங்க, வயிறு முட்ட தின்னுட்டு எல்லாரும் நாள் கணக்கா படுத்துக் கெடக்கறாங்க. இவங்கள ஒண்ணும் பண்ணாதீங்கன்னு வட்குவெயிஸ்னு ஒரு கிழவி தடுத்ததா நெஸ் பெர்ஸ் வாய்வழிக் கதை சொல்லுது. அந்த ஜனங்கதான் மரத்த நெருப்பு வச்சுக் குடைஞ்சு தோணி செய்யக் காட்டிக் குடுத்தாங்க, திரும்பி வர்ற வரைக்கும் குதிரைகளையும் பாத்துக்கிட்டாங்க. 1877ல அதே நெஸ் பெர்ஸ் ஜனங்கள அமெரிக்க ராணுவம் ஆயிரம் மைலுக்கு மேல விரட்டிப் போயி, கனடா எல்லைக்கு 40 மைல் இருக்கறப்ப மடக்குச்சு. இந்த ரெண்டாவது பகுதி இல்லாத எல்லைப்புற வரலாறு பாதி வரலாறுதான். கிளார்க்கோட அடிமை யார்க், அவனும் மொத்த தூரமும் கூடப் போயி வந்தவன், திரும்பி வந்ததும் விடுதலை கேட்டான், கிளார்க் குடுக்கல. புக்ல யார்க்குக்கு எத்தன பக்கம்னு பாத்தாலே எழுதினவரு யாருன்னு தெரிஞ்சுடும்.

சொன்னவன் பொய்ய ஆறே காட்டிக் குடுத்த கதை ஒண்ணும் சொல்லிடறேன். 1856 செப்டம்பர்ல மிசௌரி ஆத்துல அரேபியாங்கற நீராவிக் கப்பல் தண்ணிக்குள்ள கெடந்த வால்நட் மரம் குத்தி முழுகுச்சு. ஆளுங்க எல்லாரும் தப்பிச்சாங்க, ஒரு கோவேறு கழுதை மட்டும் செத்துச்சு. நான் எவ்வளவோ இழுத்துப் பாத்தேன், அது பிடிவாதமா நகரவே இல்லன்னு சொல்லிட்டாரு சொந்தக்காரர். ஆறு தடம் மாறிப் போச்சு, 1988ல அந்தக் கப்பல தோண்டி எடுத்தது ஆத்துலருந்து அரை மைல் தள்ளி, ஒரு சோளக்காட்டுக்கு அடியில, 45 அடி ஆழத்துல. பூட்ஸு, பாத்திரம், ஊறுகாய் பாட்டில்னு எல்லாம் அப்படியே இருந்துச்சு. கழுதையோட எலும்பும் இருந்துச்சு, கட்டிப் போட்டபடியே.

இப்போதைக்கு பவல் புக்க ஆகஸ்ட் 13 வரைக்கும் மறுபடி படிங்க, அங்க நிறுத்திட்டு பிராட்லி டைரிய மொத நாள்லருந்து எடுங்க. மொத பயணத்துல கூடப் போன இன்னொருத்தரு, சம்னர், அவரு டைரி அப்புறம் போதும். டெல்லன்பாவ கடைசியா வச்சுக்கோங்க, இல்லன்னா எது எந்தப் பயணம்னு குழம்பிடுவீங்க.