வாசகர் கேள்வி: உழைப்பைப் பாடும் கவிதைகள்

கேள்வி: தொழிலாளர் கவிதைகள் என்று தொகுக்கப்படுபவற்றில் வியர்வை, இரத்தம், விடியல் என்ற சொற்களே திரும்பத் திரும்ப வருகின்றன. படித்து முடித்தபின் எந்தத் தொழிலைப் பற்றிப் படித்தோம் என்பதே நினைவில் நிற்பதில்லை. குறை என்னிடமா, கவிதையிடமா?
(கல்லூரி மாணவி ஒருவர்)

பதில்: குறை உங்களிடம் இல்லை. வியர்வை என்ற சொல்லை எந்தத் தொழிலோடும் ஒட்டிவிடலாம். அதனாலேயே அது எந்தத் தொழிலையும் காட்டாமல் போய்விடுகிறது. கொத்தனாரின் கை செய்வது வேறு, தறி ஓட்டுபவரின் கை செய்வது வேறு. நாள் முடியும்போது ஒருவருக்கு இடுப்பு வலிக்கும், மற்றவருக்குக் கண் எரியும். இந்த வேறுபாட்டை அறிந்து எழுதப்பட்டதையே நான் உழைப்பின் கவிதை என்று கொள்வேன்.

இதற்கு மிகப் பழைய சான்று புறநானூற்றின் 82ஆம் பாடல். சோழன் போரவைக் கோப்பெருநற்கிள்ளியின் போர்த்திறத்தைச் சாத்தந்தையார் பாடியது, ஆறே அடிகள். ஊரில் விழா தொடங்கிவிட்டது, வீட்டில் மனைவிக்குப் பேற்றுவலி, மழை பெய்துகொண்டிருக்கிறது, பொழுதும் சாய்கிறது. இத்தனைக்கும் நடுவில் ஒருவர் கட்டிலுக்கு வார் பின்னிக்கொண்டிருக்கிறார். அவர் கையில் வாரைச் செலுத்தும் ஊசி எவ்வளவு விரைவாக ஓடுமோ, அவ்வளவு விரைவாக நடந்து முடிந்தது அரசனின் போர் என்கிறார் புலவர். வேலையை முடிக்காமல் அந்த மனிதரால் எழுந்து போக முடியாது என்று பாட்டில் ஓரிடத்திலும் சொல்லப்படவில்லை. ஊசியின் வேகத்திலிருந்து நாமே அதை உணர்ந்துகொள்கிறோம். விழாவும் பேறும் மழையும் இருட்டும் ஒரே நேரத்தில் அழைக்கும்போதும் கையிலிருக்கும் வேலையை விட முடியாத நெருக்கடி, கூலிக்கு உழைக்கும் எவருக்கும் இன்றும் தெரிந்ததே. அவர் அங்கே உவமையாக மட்டுமே வருகிறார், அதுவும் பெயரின்றி, சமூகம் அவருக்குச் சூட்டிய இழிசொல்லால் குறிக்கப்பட்டு வருகிறார் என்பதை மறைத்துவிட்டு இந்தப் பாடலைப் புகழக் கூடாது. ஆயினும் பாட்டைப் படித்து முடித்ததும் என் மனத்தில் இருப்பவர் அந்தக் கைவினைஞர்தாம். அரசனை நான் உரையாசிரியர் துணையோடுதான் நினைவுக்குக் கொண்டுவர வேண்டியிருக்கிறது.

இதே நுட்பத்தை ஆங்கிலக் கவிஞர் தாமஸ் ஹூட், 1843ஆம் ஆண்டு ‘பஞ்ச்’ இதழின் கிறிஸ்துமஸ் வெளியீட்டில் பெயர் போடாமல் வெளியிட்ட சட்டைப் பாட்டிலும் காணலாம். கூலிக்குச் சட்டை தைக்கும் பெண் ஒருத்தி அதில் பாடுகிறாள். மூட்டுத் தையல், இணைப்புத் துண்டு, பட்டி என்று ஓர் அடியில் வரும் சட்டையின் பகுதிகள் அடுத்த அடியில் பட்டி, இணைப்புத் துண்டு, மூட்டுத் தையல் என்று தலைகீழாகத் திரும்பி வருகின்றன. கை போய்த் திரும்பும் சலிப்பு முழுவதும் அந்த வரிசை மாற்றத்திலேயே வந்துவிடுகிறது. அதனால்தான், இரட்டை நூலால் சட்டையோடு தன் சவத்துணியையும் சேர்த்துத் தைப்பதாக அவள் சொல்லும்போது நம்மால் அதை மிகையென்று ஒதுக்க முடிவதில்லை.

கேள்வி: அந்த வேலையைச் செய்யாதவர்கள் அதைப் பற்றி எழுதுவது நேர்மையாகுமா?
(ஓய்வுபெற்ற ஆலைத் தொழிலாளி ஒருவர்)

பதில்: எழுதலாம், ஐயா. ஆனால் தாம் எங்கே நின்று பார்க்கிறோம் என்பதைக் கவிதைக்குள் மறைக்கக் கூடாது. பாரதியார் பிஜித் தீவின் கரும்புத் தோட்டங்களுக்குப் போனவர் அல்லர். ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேற்றப்பட்ட பெண்களின் துயரத்தை எழுத நேர்ந்தபோது, தாம் நேரில் கண்டதுபோல் அவர் வருணிக்கவில்லை. “விம்மி யழுங்குரல் கேட்டிருப்பாய் காற்றே” என்று காற்றிடம் கேட்கிறார், அவர்கள் அழுத சொல்லை மீட்டும் உரைக்க மாட்டாயா என்று இறைஞ்சுகிறார். தொலைவு அங்கே ஒப்புக்கொள்ளப்படுகிறது. அந்தத் தொலைவே பாட்டின் துயரத்தைக் கூட்டவும் செய்கிறது.

இன்னொரு வழி, பாதிக்கப்பட்டவர்களையே பேசவிடுவது. அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியாவில் 1930இல் தொடங்கிய ஒரு சுரங்கப்பாதைப் பணியில், சிலிக்காப் பாறைத் தூசியைச் சுவாசித்து நுரையீரல் கெட்டு நூற்றுக்கணக்கான தொழிலாளர்கள் இறந்தார்கள். அமெரிக்கக் கவிஞர் மியூரியல் ருகைசர் அங்கே நேரில் சென்றார்; 1938இல் வெளியான தமது நெடுங்கவிதை வரிசையில் விசாரணைச் சாட்சியங்களையும், பிள்ளைகளை இழந்த தாயின் பேச்சையும் கவிதை வரிகளாகவே அமைத்தார். கவிஞர் தம் குரலைத் தாழ்த்திக்கொண்டதால் அந்த மக்களின் குரல் மேலெழுந்தது.

உள்ளிருந்து எழுதுபவரின் இடத்தை இவ்விரண்டும் நிரப்பிவிடும் என்று நான் சொல்லவில்லை. மராத்திக் கவிஞர் நாராயண் சுர்வே மும்பை ஆலைத் தொழிலாளர் குடும்பத்தில் வளர்ந்து தாமும் ஆலையில் உழைத்தவர். அவருடைய முதல் தொகுப்பு 1962இல் வெளிவந்தது. சீனாவின் சூ லிச்சி மின்னணுத் தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டே எழுதினார். கூடுதல் நேர வேலை நடக்கும் இரவில் ஒரு திருகாணி தரையில் விழுகிறது, யாரும் அதைக் கவனிக்கவில்லை என்பதே அவருடைய சிறு கவிதை ஒன்றின் செய்தி. 2014இல், 24 வயதில் அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். அதற்குப் பிறகு அவருடைய கவிதைகள் அனைத்தையும் மரண வாக்குமூலமாக மட்டுமே படிக்கும் வழக்கம் வந்துவிட்டது. அது அவருக்குச் செய்யும் அநீதி என்று எனக்குத் தோன்றுகிறது. திருகாணியின் எடையையும் அது விழும் ஓசையையும் அறிந்திருந்த தேர்ந்த கவிஞர் அவர். கவிஞராகவே அவரைப் படிக்க வேண்டும்.

கேள்வி: உழைப்பைப் போற்றிப் பாடுவது உழைப்பவரின் துயரத்தை மூடி மறைப்பதாகாதா?
(பள்ளி ஆசிரியர் ஒருவர்)

பதில்: யார், யாரை நோக்கிப் பாடுகிறார் என்பதைப் பொறுத்தது. “இரும்பைக் காய்ச்சி உருக்கிடுவீரே” என்று பாரதியார் தொழிலாளரை நேருக்கு நேர் விளித்து மரியாதை செய்கிறார். அந்த மரியாதை கிடைக்காதிருந்த காலத்தில் அது பெரிய காரியம். பாரதிதாசன் அடுத்த கேள்வியைக் கேட்டார்: சித்திரச் சோலைகளைத் திருத்த எத்தனை தோழர்கள் அவற்றின் வேரில் இரத்தம் சொரிந்தனரோ என்று. 1958இல் வெளியான ‘நாடோடி மன்னன்’ படத்துக்குப் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் எழுதிய பாட்டில் அது கூலிக் கணக்காகவே வந்துவிட்டது: “காடு வெளஞ்சென்ன மச்சான், நமக்குக் கையும் காலுந்தானே மிச்சம்.” போற்றுதலை மட்டும் வைத்துக்கொண்டு இந்தக் கணக்கை விட்டுவிடும் பாட்டை நானும் ஐயத்தோடுதான் கேட்பேன்.

கேள்வி: வேலை செய்யும்போது பாடப்படும் பாட்டுகளை இலக்கியமாகக் கொள்ளலாமா?
(நாட்டார் பாடல்களில் ஆர்வமுள்ள வாசகர்)

பதில்: தயக்கமின்றிக் கொள்ளலாம். ஏற்றம் இறைப்பவர் பாடிய “மூங்கில் இலைமேலே தூங்கும் பனிநீரே” என்ற அடியைக் கேட்ட கம்பர் அதற்கு மேல் என்ன வரும் என்று இரவெல்லாம் எண்ணிப் பார்த்தும் எட்டாமல், மறுநாள் “தூங்கும் பனிநீரை வாங்கும் கதிரோனே” என்று அவரே பாடக் கேட்டு வியந்தார் என்பது வழங்கிவரும் கதை. கதை உண்மையோ இல்லையோ, பாட்டின் அமைப்பைப் பாருங்கள். ஏற்றமரத்தின் மேல் ஒருவர் முன்னும் பின்னும் நடக்க, கீழே நிற்பவர் நீர் அள்ளும் கலமான சாலை இறக்கி, மேலே வந்ததும் நீரைக் கவிழ்க்கிறார். ஓர் அடி முடிந்து மூச்சு வாங்கும் இடைவெளியில் அடுத்த சால் இறங்குகிறது. முந்திய அடியின் சொல்லே அடுத்த அடியைத் தொடங்கிவைக்கிறது. எத்தனை சால் இறைத்தாயிற்று என்ற கணக்கும் பாட்டுக்குள்ளேயே ஓடும். யாப்பை அங்கே வேலைதான் வகுத்தது.

வேலையோடு சேர்ந்து பாடும் அந்த உரிமையை இயந்திரம் பறித்துக்கொண்டது. தறிச்சத்தம் நிறைந்த கூடத்தில் பக்கத்தில் நிற்பவரின் பேச்சே கேட்காதபோது பாட்டு எப்படிக் கேட்கும்? ஆலைத் தொழிலாளியின் கவிதை பெரும்பாலும் வேலை முடிந்த பிறகு, தனியாக, தாளில் எழுதப்படுகிறது. ஏற்றப்பாட்டில் இருக்கும் விளையாட்டும் கூட்டுக்குரலும் அதில் குறைந்து, சோர்வும் தன்னோடு தானே பேசும் தன்மையும் மிகுந்திருப்பதற்கு இது முக்கியமான காரணம் என்று கருதுகிறேன்.

கேள்வி: நான் ஆயத்த ஆடை நிறுவனமொன்றில் தையல் வேலை செய்கிறேன். கவிதை எழுத ஆசை. என் பேச்சில் பாபின், ஓவர்லாக், டார்கெட், ஷிப்ட் என்ற சொற்களே இருக்கின்றன. இவற்றை நல்ல தமிழாக மாற்றினால்தான் கவிதையாகுமா?
(வாசகி ஒருவர்)

பதில்: மாற்ற வேண்டாம், அம்மா. நாள் முழுவதும் உங்கள் வாயில் புழங்கும் சொற்கள் அவை. அவற்றை எடுத்துவிட்டு அகராதியிலிருந்து வேறு சொற்களைப் போட்டால் உங்கள் வேலை கவிதையை விட்டுப் போய்விடும். ஒரு ஷிப்ட் முழுவதையும் எழுத முயலாதீர்கள். டார்கெட் நெருங்கும் நேரத்தில் பாபினில் நூல் தீர்ந்துபோவதை மட்டும் முதலில் எழுதுங்கள்: கை என்ன செய்கிறது, கண் எங்கே போகிறது, மேற்பார்வையாளர் எந்தப் பக்கம் நிற்கிறார், பக்கத்து மெஷினில் இருப்பவர் நின்றுவிட்டாரா ஓட்டிக்கொண்டிருக்கிறாரா என்பதெல்லாம் அதில் வரட்டும். துன்பம் என்ற சொல்லை முதல் படியில் ஓரிடத்திலும் எழுதாமல் பாருங்கள். எழுதி முடித்ததும் எனக்கு அனுப்புவதற்கு முன் உங்களோடு வேலை செய்யும் ஒருவரிடம் படித்துக் காட்டுங்கள். “நூல் அப்படி அறுந்துபோகாது” என்று அவர் திருத்தினால், அந்தத் திருத்தத்தை ஏற்றுக்கொண்டு மறுபடி எழுதி அனுப்புங்கள்.