செல்லப்பிராணிக் கடை: லாபம் எங்கே ஒழுகுகிறது?

கேள்வி: திண்டுக்கல்லில் வண்ண மீன் கடை வைத்திருக்கிறேன். சென்னை கொளத்தூரிலிருந்து வாரம் ஒருமுறை மீன் எடுக்கிறேன். வந்த மூன்று நாளில் கால்வாசிக்கு மேல் செத்து மிதக்கிறது. விலையை ஏற்றலாமா?

பதில்: விலையில் கை வைக்காதீர்கள். செத்த மீன்களை எண்ணி நோட்டில் எழுதத் தொடங்குங்கள். 10 ரூபாய்க்கு 100 மீன் எடுத்து 20 ரூபாய்க்கு விற்பதாக வைத்துக்கொள்வோம். 30 செத்தால் வரவு 1,400. முதல் 1,000 போக மிச்சம் 400. சாவை 10-க்குக் குறைத்தால் வரவு 1,800, மிச்சம் 800. வண்டி வாடகையும் கரண்ட் பில்லும் இரண்டுக்கும் ஒன்றுதான்.

இந்தச் சாவில் ஒரு பங்கு, மீன் வந்த பையைப் பிரிக்கும் நேரத்தில் ஆரம்பிக்கிறது. இரவு முழுக்க மூடியிருந்த பையில் கரியமில வாயு சேர்ந்து தண்ணீரின் பி.எச். (அமில-கார அளவு) இறங்கியிருக்கும். அதனால் மீன் கழிவிலிருந்து வந்த அம்மோனியா அவ்வளவாக விஷமில்லாத வடிவில் இருக்கும். பையைத் திறந்ததும் வாயு வெளியேறி பி.எச். ஏறும், அதே அம்மோனியா விஷமாக மாறிவிடும். எனவே, கட்டை அவிழ்க்காமல் பையைத் தொட்டியில் 15 - 20 நிமிடம் மிதக்கவிடுங்கள். வெப்பநிலை சமமானதும் திறந்து, கொஞ்சம் தொட்டித் தண்ணீர் கலந்து, தாமதிக்காமல் வலையில் மீனை எடுத்து விடுங்கள். பைத் தண்ணீரைத் தொட்டியில் ஊற்றவே கூடாது. அன்று தீனியும் வேண்டாம்.

அடுத்தது ஃபில்டர். புதுத் தொட்டியில் அம்மோனியாவைத் தின்னும் பாக்டீரியா நிலைகொள்ள 4 முதல் 6 வாரம் ஆகும். அதுவரை காத்திருக்க முடியாவிட்டால், நோயில்லாத பழைய தொட்டியில் ஓடிய ஃபில்டர் ஸ்பாஞ்சை எடுத்துப் புதியதில் போடுங்கள். ஸ்பாஞ்சை குளோரின் கலந்த குழாய்த் தண்ணீரில் அலசினால் அந்த பாக்டீரியா செத்துவிடும். தொட்டியிலிருந்து எடுத்த தண்ணீரில் ஒரு வாளியில் பிழிந்தாலே போதும். புது வரவுக்குத் தனித் தொட்டி, தனி வலை. எல்லாத் தொட்டியும் ஒரே ஃபில்டரில் இணைந்திருந்தால் ஒரு மீனின் வெண்புள்ளி நோய் கடை முழுக்கப் பரவிவிடும்.

உங்கள் போர் தண்ணீர் உப்பானதா என்றும் பாருங்கள். அப்படிப்பட்ட கடினத் தண்ணீரில் கப்பி, மோலி, பிளாட்டி நன்றாகத் தாங்கும். நியான் டெட்ராவைக் கொண்டுவந்து அதில் விடுவது காசைக் கரைப்பதுதான்.

கேள்வி: நான் கொள்முதல் செய்யும் விலைக்கே ஆன்லைனில் நாய் உணவு கிடைக்கிறது. எப்படித் தாக்குப்பிடிப்பது?

பதில்: பெரிய மூட்டையின் விலையில் அவர்களோடு மோத வேண்டாம். தீனி தீரும் நாளைக் கணக்கிடுங்கள். 30 கிலோ எடையுள்ள வளர்ந்த நாய் ஒரு நாளைக்கு ஏறக்குறைய 350 - 400 கிராம் உலர்தீனி தின்னும். 10 கிலோ பை 25 - 28 நாளில் காலி. 22-ஆம் நாளே போன் செய்து, அன்று மாலையே வீட்டில் கொண்டுபோய்க் கொடுங்கள்.

சில்லறையாக நிறுத்து விற்றால், பிரித்த மூட்டை ஒரு மாதத்துக்குள் தீர வேண்டும். காற்றுப் பட்டால் தீனியின் கொழுப்பில் சிக்கு வாடை அடிக்கும், நாய் முகர்ந்துவிட்டு நகர்ந்துவிடும். பழையதன் மேல் புதியதைக் கொட்டாதீர்கள். தயாரிப்பு எண்ணையும் காலாவதித் தேதியையும் ஒவ்வொரு கவரிலும் எழுதிக் கொடுங்கள்.

மாதக் கடைசியில் '10 வாங்கினால் 1 இலவசம்' என்று ஸ்கீம் வரும். 11 மூட்டைக்கு ஒன்று என்றால் தள்ளுபடி 9 சதவீதம்தான். காலாவதிக்கு மூன்று மாதமே உள்ள சரக்கென்றால் அதுவும் நஷ்டத்தில் போய் முடியும்.

கேள்வி: பச்சைக்கிளி கேட்டு நிறையப் பேர் வருகிறார்கள். விற்கலாமா?

பதில்: கூடாது. நம் நாட்டுக் கிளி, மைனா எல்லாம் 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் வருபவை. பிடிப்பதும் விற்பதும் வாங்குவதும் குற்றம். கூண்டில் வளர்த்த பட்ஜி, காக்கடீல் போன்ற வெளிநாட்டுப் பறவைகளை வைத்துக்கொள்ளலாம். ஆனால் பறவை, நாய்க்குட்டி, பூனை விற்க 2018-ஆம் ஆண்டு செல்லப்பிராணிக் கடை விதிகளின்படி மாநில விலங்குகள் நல வாரியத்தில் பதிவு வேண்டும். எட்டு வாரம் நிறையாத குட்டியை, கேட்பவர் யாராக இருந்தாலும் கொடுக்காதீர்கள்.