பழைய ஆல்பத்தின் ரீமாஸ்டர் பதிப்பைக் காசு கொடுத்து வாங்கலாமா?

ரீமாஸ்டர் என்பது பழைய பதிவைத் துலக்கி மறுபடி வெளியிடுவது. பிரிட்டன் இசைக்குழுவான பீட்டில்ஸின் 'சார்ஜென்ட் பெப்பர்ஸ்' ஆல்பத்துக்கு 2009 பதிப்பை வாங்குவதா, 2017 பதிப்பை வாங்குவதா என்று கேட்டிருக்கிறீர்கள். நல்ல ஹெட்போன் ஒன்று உங்களிடம் இருக்கிறது என்று எடுத்துக்கொள்கிறேன். 2017 பதிப்பையே வாங்குங்கள். ஆனால் டிஜிட்டல் ஒலியின் நுணுக்கத்தைக் காட்டும் 24 பிட் என்ற எண்ணுக்காக வாங்க வேண்டாம். 16 பிட்டிலேயே மிக மெல்லிய ஒலிக்கும் மிக உரத்த ஒலிக்கும் இடையே 96 டெசிபல் வீச்சு கிடைக்கிறது. மின்விசிறியும் கடற்காற்றும் ஓயாத எங்கள் கீழக்கரை வீடுகளில் அதற்கு மேற்பட்ட வீச்சைக் கேட்டறியும் அமைதி கிடையாது.

எங்களுக்கு இந்த ஆல்பம் துபாயிலிருந்து மாமா கொண்டுவந்த கேசட்டாகத்தான் அறிமுகமானது. ஈரக்காற்றில் நாடாவில் பூஞ்சை படரும் என்பதால், மாமா ஒவ்வொரு முறையும் நாடாவைப் படிக்கும் ஹெட்டை ஸ்பிரிட்டால் துடைத்த பிறகே பாட்டுப் போடுவார். அவ்வளவு பேணியும், சில பாடல்களில் குரல் ஒரு பக்கமும் வாத்தியங்கள் மறுபக்கமுமாகப் பிரிந்தே ஒலித்தன. அதற்குக் காரணம் கேசட் அல்ல. 1966-67இல் லண்டன் அபே ரோடு ஸ்டுடியோவில், நான்கு டிராக்குகள் (தனித்தனி ஒலித்தடங்கள்) மட்டுமே கொண்ட நாடா இயந்திரங்களில் பதிவு செய்தார்கள். நான்கும் நிரம்பியதும் அவற்றைக் கலந்து வேறொரு நாடாவுக்கு மாற்றி, அங்கே மீந்த டிராக்குகளில் மேற்கொண்டு பதிந்தார்கள். ஒவ்வொரு மாற்றத்திலும் இரைச்சல் கூடித் தெளிவு குறைந்தது. குழுவினரும், எல்லா ஒலியும் ஒன்றாக வரும் மோனோ கலவைக்கே நேரம் செலவிட்டார்கள். ஒலியை இடம், வலம் எனப் பிரிக்கும் ஸ்டீரியோ கலவை விரைவாக முடிக்கப்பட்டது. 2009 ஸ்டீரியோ ரீமாஸ்டர் துலக்கியது அந்தப் பழைய கலவையைத்தான். 2017இல், தயாரிப்பாளர் ஜார்ஜ் மார்ட்டினின் மகன் ஜைல்ஸ் மார்ட்டின், மாற்றிப் பதிவதற்கு முந்தைய மூல நாடாக்களை எடுத்து, மோனோவை வழிகாட்டியாகக் கொண்டு புதிதாகவே கலந்தார்.

பழைய ஸ்டீரியோவோடு வளர்ந்தவர்கள் இதை ஏற்காமல் இருக்கலாம். அவர்களுடைய பிடிப்பை நான் மதிக்கிறேன். ஆனால் 'ஷீ இஸ் லீவிங் ஹோம்' பாடலின் வேகத்தைக் கூட்டி ஜைல்ஸ் கெடுத்துவிட்டார் என்ற குற்றச்சாட்டு சரியல்ல. மோனோவில் அந்தப் பாடல் தொடக்கம் முதலே அந்த வேகத்தில்தான் ஒலிக்கிறது.

என் ஆற்றாமை வேறு. பழைய தமிழ்ப் பாடல்களின் 'டிஜிட்டல் ரீமாஸ்டர்' என்று அட்டையில் அச்சிட்ட குறுந்தகடு ஒன்றையும் மாமா ஆசையாக வாங்கினார். இரைச்சலை நீக்குவதாக எண்ணிப் புல்லாங்குழலின் மூச்சையும் நீக்கியிருந்தார்கள். மெல்லிய சரணத்தையும் முழங்கும் இடையிசையையும் ஒரே உரத்துக்கு ஏற்றியிருந்தார்கள். எந்த நாடாவிலிருந்து எடுத்தார்கள், யார் செய்தார்கள் என்று ஒரு வரிகூட இல்லை. நம் இசைக்கலைஞர்களின் உழைப்புக்கு அந்த ஒரு வரியாவது அச்சிட வேண்டாமா?

ஆகவே எந்த ரீமாஸ்டரை வாங்கினாலும், பிட் எண்ணைப் பார்ப்பதற்கு முன் மூல நாடா எது என்று பாருங்கள். கையில் பணம் இருந்தால் 2017 பெருந்தொகுப்பையே வாங்கலாம். அதில் மோனோ கலவையும் இருக்கிறது.